ஒரு பெண்ணின் வலியும் என் மகிழ்ச்சியும்



நான் செய்த பிழை ஒன்றைப் பற்றி எழுத வேண்டுமென்று நெடுநாளாக எண்ணியிருந்தேன். அந்தப் பிழை, நான் நேரில் காணாத ஒரு பெண்மணியின் வாழ்க்கையோடு தொடர்புடையது. அவர் பெயர் அயான் ஹிர்சி அலி.

2008-ஆம் ஆண்டு, வெளிநாட்டிலிருந்து வந்த உறவினர் ஒருவர் அவருடைய தன்வரலாற்று நூலை எனக்குக் கொடுத்தார். இரண்டே இரவுகளில் படித்து முடித்தேன். மறுநாள் ஓய்வு நேரத்தில், ஆசிரியர் அறையில், நான் படித்ததையெல்லாம் உரத்த குரலில் சொல்லத் தொடங்கினேன். எதிர் மேசையில் எங்கள் பள்ளியின் மலாய்மொழி ஆசிரியை புத்தகங்களைத் திருத்திக்கொண்டிருந்தார். அவருக்குத் தமிழ் ஓரளவு புரியும் என்பதை நான் அறிவேன். அறிந்தே பேசினேன்!

முதலில் அந்த வாழ்க்கையைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன்.

அயான் 1969-இல் சோமாலியாவின் தலைநகரான மொகதிஷுவில் பிறந்தவர். தந்தையார் ஹிர்சி மாகான் இசே, சியாட் பாரேயின் சர்வாதிகார ஆட்சியை எதிர்த்துச் சிறை சென்றவர். அவர் சிறையிலிருந்த காலத்தில், ஐந்து வயதுச் சிறுமியான அயானுக்குப் பாட்டியின் ஏற்பாட்டில் பெண்ணுறுப்புச் சிதைப்பு நடத்தப்பட்டது. தந்தைக்கு அவ்வழக்கத்தில் உடன்பாடில்லை. பின்னர் குடும்பம் சவூதி அரேபியா, எத்தியோப்பியா என்று அலைந்து, இறுதியில் கென்யாவின் நைரோபியில் தங்கியது.

ஓர் ஆசிரியனாக என்னை உலுக்கிய பகுதி நைரோபி வாழ்க்கைதான். சமயக் கல்வி கற்பிக்க வீட்டுக்கு வந்த ஓர் ஆசிரியர், கீழ்ப்படியவில்லை என்பதற்காக அவரது தலையைச் சுவரில் மோதினார். மண்டையோட்டில் முறிவு ஏற்பட்டு அறுவைச் சிகிச்சை செய்ய நேர்ந்தது. பின்னர் உயர்நிலைப் பள்ளியில் வேறோர் ஆசிரியை வாய்த்தார். அவர் யாரையும் கட்டாயப்படுத்தவில்லை, கனிவோடு பேசினார். அந்தக் கனிவால் ஈர்க்கப்பட்ட அயான், உடல் முழுவதையும் மறைக்கும் கறுப்பு அங்கியைத் தாமே விரும்பி அணிந்தார். 1989-இல் சல்மான் ருஷ்டி கொல்லப்பட வேண்டும் என்ற அறிவிப்பு வந்தபோது, அது சரியென்றே தாம் நம்பியதாக எழுதியிருக்கிறார். அடித்த ஆசிரியரால் அவருடைய உள்ளத்தை மாற்ற முடியவில்லை. அன்பு காட்டியவரால் முடிந்தது. நம் கையில் எத்துணை பெரிய ஆற்றல் இருக்கிறது, அது எந்தத் திசைக்கும் திரும்பக்கூடியது என்பதை நாம் மறந்துவிடலாகாது.

1992-இல், கனடாவில் வாழ்ந்த உறவினர் ஒருவருக்குத் தந்தை அவரை மணம் முடித்துவைத்தார். கணவரிடம் செல்லும் வழியில் ஜெர்மனியில் தங்கியிருந்தபோது, அயான் தொடர்வண்டியேறி நெதர்லாந்துக்குச் சென்று அடைக்கலம் கேட்டார். விண்ணப்பத்தில் தம் பெயரையும் பிறந்த நாளையும் மாற்றிச் சொன்னார். கென்யாவில் வாழ்ந்ததைச் சொல்லாமல், உள்நாட்டுப் போரிலிருந்து தப்பி வந்ததாகக் கூறினார். அந்தப் பொய்யைப் பிற்காலத்தில் அவரே ஒப்புக்கொண்டார்.

அடைக்கலம் கிடைத்தது. துப்புரவு வேலை செய்தார். டச்சு மொழியைக் கற்றுச் சோமாலியப் பெண்களுக்காக மொழிபெயர்ப்பாளரானார். லெய்டன் பல்கலைக்கழகத்தில் அரசியல் அறிவியல் பயின்று 2000-இல் முதுகலைப் பட்டம் பெற்றார். 2001 செப்டம்பர் 11 தாக்குதலுக்குப் பின் தம் சமயத்தைக் கேள்வி கேட்கத் தொடங்கி, அடுத்த ஆண்டே அதைத் துறந்தார். 2003-இல் நெதர்லாந்து நாடாளுமன்ற உறுப்பினரானார். அகதியாக வந்திறங்கிய பதினோராவது ஆண்டில்!

2004-இல் தியோ வான் கோ என்ற இயக்குநருடன் இணைந்து, இஸ்லாமியச் சமுதாயத்தில் பெண்கள் படும் துன்பத்தைப் பற்றிய குறும்படம் ஒன்றை உருவாக்கினார். பெண்ணின் உடல்மீது திருக்குர்ஆன் வசனங்கள் எழுதப்பட்டிருப்பதுபோல் அதில் காட்சிகள் இருந்தன. முஸ்லிம்கள் பலர் அதைக் கண்டு மனம் புண்பட்டனர். அவ்வாண்டு நவம்பர் 2-ஆம் நாள், ஆம்ஸ்டர்டாம் தெருவில் வான் கோ சுட்டும் வெட்டியும் கொல்லப்பட்டார். அவர் உடலில் கத்தியால் குத்திவைக்கப்பட்டிருந்த கடிதம் அயானுக்குக் கொலை மிரட்டல் விடுத்தது. காவலர் சூழவே வாழும் வாழ்க்கை அவருக்கு விதிக்கப்பட்டது.

2006-இல் தொலைக்காட்சி நிகழ்ச்சி ஒன்று பழைய பொய்யை மீண்டும் கிளறியது. அவருடைய கட்சியைச் சேர்ந்த அமைச்சரே அவரது குடியுரிமை செல்லாது என்றார். அயான் நாடாளுமன்றப் பதவியைத் துறந்தார். சில வாரங்களில் அமைச்சர் அந்த முடிவைக் கைவிட நேர்ந்தது. அதையொட்டி எழுந்த பூசலில் கூட்டணி அரசே கவிழ்ந்தது. அயான் அமெரிக்காவில் குடியேறி, 2013-இல் அந்நாட்டுக் குடியுரிமை பெற்றார்.

அன்று ஆசிரியர் அறையில் இவற்றை நான் எப்படிச் சொன்னேன் தெரியுமா? "பார்த்தீர்களா, அந்தச் சமயமே அப்படித்தான்!" என்று முடித்தேன். சிலர் தலையசைத்தனர். மலாய்மொழி ஆசிரியை ஒன்றும் பேசாமல் புத்தகங்களை எடுத்துக்கொண்டு வகுப்புக்குச் சென்றார்.

மறுநாள் காலை அவர் என் மேசைக்கு வந்தார்.

"சிகு, அந்தப் பெண்ணுக்கு நேர்ந்த கொடுமையை நான் மறுக்கவில்லை. ஆனால் நேற்று நீங்கள் பேசியபோது, அவளுக்காக வருந்தியதாக எனக்குத் தெரியவில்லை. மகிழ்ந்ததாகத்தான் தெரிந்தது."

அவ்வளவுதான் சொன்னார். எனக்கு விடை கிடைக்கவில்லை.

என்றாலும் முழுமையாக உணரவில்லை. உணர்த்தியவள் ஐந்தாம் ஆண்டு மாணவி ஒருத்தி. அவ்வாண்டின் இறுதியில் 'எங்கள் வீடு' என்ற தலைப்பில் கட்டுரை எழுதச் சொல்லியிருந்தேன். அவள், தந்தை குடித்துவிட்டு வந்து தாயை அடிப்பதையும், தம்பியை அணைத்துக்கொண்டு தான் கதவின் பின்னே நிற்பதையும் எழுதியிருந்தாள். நான் என்ன செய்தேன்? "வீட்டு விஷயத்தையெல்லாம் வெளியில் எழுதக்கூடாதம்மா. படிக்கிறவர்கள் நம்மைப் பற்றி என்ன நினைப்பார்கள்? வேறு எழுது," என்றேன். அவள் மறுநாள் பூந்தோட்டமும் நாய்க்குட்டியும் உள்ள ஒரு வீட்டை எழுதிக் கொடுத்தாள்.

அந்தக் கட்டுரைக்கு மதிப்பெண் இடும்போதுதான் கை நின்றது. எங்கோ பிறந்த பெண்ணொருத்தி தன் வீட்டின் கொடுமையைச் சொன்னபோது துணிச்சல் என்று போற்றிய நான், என் முன்னே அமர்ந்திருந்த சிறுமியின் வாயை அடைத்துவிட்டேனே! அடுத்தவர் வீட்டின் அழுக்கென்றால் உண்மை. நம் வீட்டின் அழுக்கென்றால் மானக்கேடா? மறுநாளே அவளை அழைத்து மன்னிப்புக் கேட்டேன். அவள் முதலில் எழுதியதைத் திரும்பப் பெற்றுத் திருத்தினேன். பள்ளியின் ஆலோசக ஆசிரியையிடம் அழைத்துச் சென்றேன். அவளுடைய தாயாரும் பின்னர் வந்து பேசினார்.

அதன் பிறகு அயானைப் பற்றி மீண்டும் படித்தேன். இம்முறை அவரை எதிர்ப்பவர்களையும் சேர்த்து. இஸ்லாம் முழுவதுமே தோற்கடிக்கப்பட வேண்டியது என்னும் பொருளில் 2007-இல் அவர் பேசியது, அமைதியாக வாழும் கோடிக்கணக்கானோரையும் குற்றவாளிக் கூண்டில் ஏற்றுவதாகும் என்ற கண்டனத்தில் நியாயம் இருக்கிறது. 2015-இல் எழுதிய நூலில், சீர்திருத்தம் இயலும் என்று அவரே தம் கருத்தை மாற்றிக்கொண்டார். பல்லாண்டுகள் நாத்திகராக இருந்தவர், 2023-இல் தாம் கிறிஸ்தவராகிவிட்டதாக அறிவித்தார்.

எட்னா அடான் இஸ்மாயில் என்ற மற்றொரு பெண்மணியையும் அப்போதுதான் அறிந்தேன். அவரும் சோமாலிய இனத்தவர், 1937-இல் பிறந்தவர். அதே கொடுமை, தந்தை வெளியூர் சென்றிருந்தபோது, அவருக்கும் நேர்ந்தது. அவர் தாதியாகிப் பயிற்சி பெற்று, 1976 முதல் அவ்வழக்கத்தை எதிர்த்துப் பேசினார். 2002-இல் ஹர்கெய்சா நகரில் மருத்துவமனை அமைத்தார். முஸ்லிமாக இருந்துகொண்டே, இது தம் சமயம் கூறாத கொடுமை என்கிறார். அவ்வழக்கம் இஸ்லாத்தைவிடப் பழைமையானது. ஆப்பிரிக்காவின் கிறிஸ்தவர் சிலரிடையேயும் உண்டு. முஸ்லிம் நாடுகள் பலவற்றில் இல்லவே இல்லை. ஆயினும் சமயத்தின் பெயரால் அதைக் காப்பவர்கள் இருக்கிறார்கள் என்பதும் உண்மையே. காயம் ஒன்று, வழிகள் இரண்டு. ஒருவர் வீட்டைவிட்டு வெளியேறிக் குரல் கொடுத்தார். மற்றவர் வீட்டுக்குள் நின்று குரல் கொடுத்தார். இருவரையும் கேட்கத்தான் வேண்டும்.

யார் வாயிலிருந்து வந்தாலும் சொல்லின் மெய்ப்பொருளைக் காண வேண்டுமென்று வள்ளுவர் அறிவுடைமையில் கூறுகிறார். அக்குறளை ஆண்டுதோறும் கற்பித்தவன் நான். எனக்குப் புரியவைக்க ஒரு மலாய்மொழி ஆசிரியையும் பத்து, பதினொரு வயதுச் சிறுமியும் தேவைப்பட்டனர்.

அந்த ஆசிரியை மாற்றலாகிச் சென்ற நாளில், அன்று கேட்கத் தவறிய மன்னிப்பைக் கேட்டேன். "அந்தப் புத்தகம் இன்னும் இருக்கிறதா, சிகு? நானும் படிக்கிறேன்," என்றார் சிரித்தபடி. கொடுத்தனுப்பினேன். இன்னும் திரும்பி வரவில்லை. வராவிட்டாலும் குறையொன்றுமில்லை.