நிலாவுக்குத் தெரிந்த வார்த்தை அத்தையின் முதுகிலும் இருந்தது!

எங்கள் குடும்பத்துக்கு நான்தான் டிக்‌ஷனரி. மருந்துச் சீட்டு, பேங்கிலிருந்து வரும் எஸ்.எம்.எஸ்., இன்ஷூரன்ஸ் கடிதம் என ஆங்கிலத்தில் எது வந்தாலும், அது போட்டோவாக என் வாட்ஸ்அப்புக்கு வந்து சேர்ந்துவிடும். 'பத்திரிகையில வேலை பார்க்குற புள்ளைக்குத் தெரியாததா' என்று எல்லோருக்கும் அப்படி ஒரு நம்பிக்கை. எனக்கும் அதில் கொஞ்சம் பெருமைதான்.

போன வருடம் ஒரு மதியம், மதினியிடமிருந்து ஒரு போட்டோ வந்தது. அத்தையின் மகள்தான் மதினி. அத்தைக்கு எடுத்த எம்.ஆர்.ஐ. ஸ்கேன் ரிப்போர்ட்டில் ஒரே ஒரு வரி. அதில் ஒரு வார்த்தையை நீல மையால் வட்டம் போட்டிருந்தார். கூடவே வாய்ஸ் மெசேஜ்: "ஏத்தா, இந்தக் கிப்பஸ்னா என்னன்னு பார்த்துச் சொல்லு. டாக்டரைப் பார்க்க நாள் இருக்கு. அம்மா பயந்துக்கிட்டுக் கெடக்கு."

அந்த வார்த்தையைப் பார்த்ததும் எனக்குச் சிரிப்பு வந்தது. அது எனக்கு நன்றாகவே பழக்கமான வார்த்தை.

பாதிக்கு மேல், முழுசுக்குக் கீழ்

டிஜிட்டல் டெஸ்க்கில் வேலை பார்ப்பவர்களுக்கு மாதத்துக்கு ஒரு தடவையாவது நிலா செய்தி வரும். சூப்பர் மூன், ப்ளூ மூன், கிரகணம் என்று ஏதாவது ஒன்று. ஏஜென்சியிலிருந்து வரும் ஆங்கிலக் காப்பியில் இந்தக் 'கிப்பஸ்' இருக்கும். வேலைக்குச் சேர்ந்த புதிதில் அதை 'அரை நிலா' என்று எழுதி, சீனியரிடம் வாங்கிக் கட்டிக்கொண்டேன். அன்றைக்கு உட்கார்ந்து தேடிப் படித்ததில்தான் இந்த வார்த்தை எனக்கு ரொம்பப் பிடித்துப்போனது.

முதல் எழுத்தை 'ஜி' என்று சொல்லக் கூடாது. 'கிஃப்ட்' என்பதில் வரும் ஒலிதான். 'கிப்பஸ்'. லத்தீனில் 'கிப்புஸ்' என்றால் கூன், திமில். அதிலிருந்து வந்த இந்தச் சொல் ஆங்கிலத்தில் சுமார் 600 வருடங்களாக இருக்கிறது. முதல் அர்த்தம், புடைத்த, கூன் விழுந்த. இன்னொரு அர்த்தம், நிலாவின் ஒரு வடிவம். பாதிக்கு மேல் வெளிச்சம் இருந்து, முழுசாக நிறையாத நிலா.

உங்கள் போனில் இமோஜி பட்டியலைத் திறந்து பாருங்கள். அமாவாசையில் தொடங்கி வரிசையாக எட்டு நிலாக்கள் இருக்கும். அதில் முழு நிலாவுக்கு முன்னால் ஒன்று, பின்னால் ஒன்று என்று கொஞ்சம் குறைபட்டுத் தெரிகிறதே, அந்த இரண்டும்தான் கிப்பஸ்.

ஓர் அமாவாசையிலிருந்து அடுத்த அமாவாசை வரை சுமார் 29.5 நாள்கள். அதில் கிட்டத்தட்ட பாதி நாள்கள் நிலா இந்த வடிவத்தில்தான் இருக்கிறது. ஆனால், குழந்தைகளை நிலா வரையச் சொன்னால் பிறையை வரைவார்கள், இல்லையென்றால் வட்டம் போடுவார்கள். அதிக நாள் நம் தலைக்கு மேல் இருக்கும் வடிவத்தை யாரும் வரைவதில்லை. பௌர்ணமி முடிந்து மூன்று, நான்கு நாள் கழித்து, காலையில் ஸ்கூல் வேனுக்குக் காத்திருக்கும்போது மேற்கே வெளிறிப்போய் ஒரு நிலா நிற்குமே, அதுவும் கிப்பஸ்தான்.

தமிழில் இதற்கு ஒற்றைச் சொல் தேடி அலைந்தேன். நம் பஞ்சாங்கம் நிலாவின் வடிவத்துக்குப் பெயர் வைப்பதைவிட நாளுக்குப் பெயர் வைத்திருக்கிறது. அஷ்டமியை ஒட்டிப் பாதி நிலா. பிறகு நவமி, தசமி, ஏகாதசி என்று நகர்ந்து சதுர்த்தசி வரை. 'வளர்பிறை ஏகாதசி' என்றாலே நிலா எந்த அளவு இருக்கும் என்று நம் பாட்டிகளுக்குத் தெரியும். கடைசியில், கட்டுரைகளில் 'முக்கால் நிலா' என்று எழுத ஆரம்பித்தேன். சரியான அளவு இல்லைதான். ஆனாலும் படிப்பவர்களுக்குப் புரிந்தது.

இந்த வடிவத்துக்கு வரலாற்றில் பெரிய இடம் உண்டு. 1610-ம் ஆண்டின் இறுதியில் கலிலியோ தொலைநோக்கி வழியாக வெள்ளிக் கோளைப் பார்த்தார். பூமியைத்தான் எல்லாம் சுற்றுகின்றன என்ற டாலமியின் ஏற்பாட்டில், வெள்ளி எப்போதும் பூமிக்கும் சூரியனுக்கும் இடையிலேயே இருக்கும். அப்படியானால் அது பிறை வடிவத்தில் மட்டும்தான் தெரிய வேண்டும். ஆனால், கலிலியோ பார்த்த வெள்ளி முக்கால் வடிவத்திலும் தெரிந்தது. சூரியனுக்கு அந்தப் பக்கம் போனால்தான் அப்படித் தெரிய முடியும். டாலமியின் ஏற்பாடு அடிவாங்கியதில் இந்தக் கிப்பஸ் வடிவத்துக்கும் பங்கு இருக்கிறது.

1968 டிசம்பர் 24 அன்று, அப்போலோ 8 விண்கலத்திலிருந்து வில்லியம் ஆண்டர்ஸ் எடுத்த 'எர்த்ரைஸ்' படத்தைப் பார்த்திருப்பீர்கள். நிலாவின் தரைக்கு மேலே நீல நிறத்தில் பூமி எழும் படம். அதில் பூமி முழு வட்டமாக இருக்காது. அதுவும் கிப்பஸ்தான்.

இதெல்லாம் எனக்கு மனப்பாடம். அதுதான் வினையாகிவிட்டது.

பன்னிரண்டு நாள்கள்

மதினிக்கு உடனே பதில் அனுப்பினேன். "ஒண்ணுமில்லை மதினி. கிப்பஸ்னா லேசா புடைச்ச மாதிரி இருக்கிறது. நிலாவுக்குக்கூட இந்த வார்த்தையைச் சொல்லுவாங்க. அத்தை தையல் மெஷின்ல குனிஞ்சே உட்கார்ந்திருக்காங்கல்ல, அதனால முதுகு கொஞ்சம் வளைஞ்சிருக்கும். பயப்பட வேண்டாம்னு சொல்லுங்க."

கடைசியில் ஒரு நிலா இமோஜியும் வைத்தேன். இன்றைக்கும் அந்த மெசேஜை நான் அழிக்கவில்லை.

அத்தைக்கு ஆறு மாதமாக முதுகுவலி. வீட்டிலேயே தையல் மெஷின் வைத்து பிளவுஸ் தைப்பவர். அதனால் மெஷின் மேல்தான் எல்லோருக்கும் சந்தேகம். தைலம் தேய்த்தார்கள். பக்கத்து கிளினிக்கில் வலிக்கு ஊசி போட்டார்கள். சாயங்காலமானால் உடம்பு லேசாகச் சுடும். பசி குறைந்து, வளையல் கழன்று விழும் அளவுக்கு இளைத்திருந்தார். 'சுகர் வந்திருக்கும்' என்றார்கள். இவை எதையும் நான் கேட்கவில்லை. ரிப்போர்ட்டின் மற்ற பக்கங்களை அனுப்பச் சொல்லியும் கேட்கவில்லை. வட்டம் போட்ட வார்த்தைக்கு மட்டும் அர்த்தம் சொன்னேன்.

என் பதிலைக் கேட்டு வீட்டில் எல்லோருக்கும் நிம்மதி. அந்த வாரம் மதுரையில் பெரிய டாக்டரைப் பார்ப்பதாக இருந்தது. ஊர்ப் பொங்கல் வைப்பு முடிந்து போய்க்கொள்ளலாம் என்று தள்ளிவைத்துவிட்டார்கள். பன்னிரண்டு நாள்கள் போயின. பதின்மூன்றாம் நாள் காலையில் அத்தை கட்டிலை விட்டு எழுந்தபோது கால்கள் இரண்டும் மரத்துப்போய், நிற்க முடியாமல் சரிந்துவிட்டார்.

நான் சென்னையிலிருந்து பஸ் பிடித்துப் போய்ச் சேர்ந்தபோது அத்தை மருத்துவமனையில் இருந்தார். டாக்டர் ஸ்கேன் படத்தை வெளிச்சத்தில் காட்டி விளக்கினார். முதுகெலும்பில் காசநோய். ஊசி மூலம் திசு எடுத்துப் பரிசோதித்ததில் பிறகு உறுதியும் ஆனது.

காசநோய் என்றால் இருமல், நுரையீரல் என்றுதான் நினைத்திருந்தேன். கிருமி ரத்தத்தின் வழியாக எலும்புக்கும் போகுமாம். அடுக்கிவைத்த டப்பாக்கள் மாதிரி இருக்கும் முதுகெலும்புகளில், முன்பக்கத்தை அது அரித்துவிடுகிறது. முன்பக்கம் நொறுங்கி இறங்கியதும், பின்பக்கம் முனையாக வெளியே தள்ளுகிறது. அந்தப் புடைப்புக்கு மருத்துவத்தில் 'கிப்பஸ்' என்று பெயர். நிலாவுக்குச் சொல்லும் சொல்லும் இதுவும் ஒரே வேரில் வந்தவை. ஆங்கில எழுத்தில் ஓர் 'ஓ' மட்டும்தான் வித்தியாசம். தண்டுவட நரம்பு அழுத்தப்பட்டால் கால்கள் செயலிழக்கலாம். பெர்சிவல் பாட் என்ற ஆங்கில அறுவை சிகிச்சை மருத்துவர் இந்தக் கூனையும் கால் முடக்கத்தையும் சேர்த்து 1779-ல் எழுதியதால், இந்த நோய்க்கு அவர் பெயரே வந்துவிட்டது. எகிப்திய மம்மிகளின் முதுகெலும்பில்கூட இதன் தடயத்தைக் கண்டிருக்கிறார்கள்.

"ரிப்போர்ட் வந்ததும் ஏன் வரலை?" என்று டாக்டர் கேட்டார். மதினி என்னைப் பார்த்தார். எதுவும் சொல்லவில்லை. நான்தான் சொன்னேன்.

டாக்டர் திட்டவில்லை. "நீங்க சொன்ன அர்த்தம் தப்பில்லைம்மா. ஆனா, அந்த வார்த்தை முதுகு எப்படி இருக்குன்னுதான் சொல்லும். ஏன் அப்படி ஆச்சுன்னு சொல்லாது" என்றார்.

நிலாவுக்கும் அதே கதைதான். நிலாவில் கூனும் இல்லை, குறையும் இல்லை. அது எப்போதும் உருண்டைதான். வெளிச்சம் விழுகிற கோணத்தால் நமக்கு அப்படித் தெரிகிறது. அத்தையின் முதுகிலோ எலும்பே நொறுங்கியிருந்தது. சொல் ஒன்று, காரணம் வேறு. நான் சொல்லை மட்டும் தெரிந்துவைத்துக்கொண்டு காரணத்தையும் தெரிந்தவள் மாதிரி பேசிவிட்டேன்.

அப்பத்தாவின் முதுகு

ஆஸ்பத்திரியில் ஒருநாள் ராத்திரி, அத்தை தூங்காமல் படுத்திருந்தார். "ஏத்தா, உங்க அப்பத்தா முதுகும் இப்படித்தான இருக்கும்?" என்றார்.

அப்பத்தாவுக்குச் சின்ன வயதிலிருந்தே கூன். நான் குழந்தையாக இருந்தபோது அதில் ஏறி உட்கார்ந்து யானை விளையாட்டு விளையாடியிருக்கிறேன். ஊரில் எங்கள் வீட்டுக்குப் பெயரே 'கூனி வீடு'தான். டிவியில் ராமாயணம் ஓடும்போது மந்தரை வரும் காட்சி வந்தால், அப்பத்தா எழுந்து அடுப்படிக்குப் போய்விடுவார். தண்ணீர் குடிக்கப் போகிறார் என்று நினைத்திருக்கிறேன். அப்பத்தாவின் முதுகை எந்த டாக்டரும் பார்த்ததில்லை. அவருக்கு என்ன நோய் இருந்தது என்று இனி யாராலும் சொல்ல முடியாது.

குற்றாலக் குறவஞ்சியில் சிவன் சூடிய பிறைக்குக் கூனல் என்று அடைமொழி உண்டு. பள்ளிக்கூடத்தில் படித்தது. ஆங்கிலத்தில் புடைத்த நிலாவுக்குக் கூன் என்றால், தமிழில் வளைந்த பிறைக்குக் கூன். நிலாவுக்கு வந்தால் அழகு. மனுஷிக்கு வந்தால் மட்டும் அது பட்டப்பெயர்.

அப்பத்தாவின் சின்ன வயதில் இதற்கு மருந்து இருந்ததோ இல்லையோ, அத்தைக்கு இருந்தது. சென்னையில் 1956-ல் தொடங்கிய காசநோய் ஆராய்ச்சி மையம்தான், நோயாளிகளை சானடோரியத்தில் வைக்காமல் வீட்டிலேயே மாத்திரை கொடுத்தும் குணப்படுத்தலாம் என்று உலகத்துக்குக் காட்டியது. சேத்துப்பட்டில் இப்போதும் இயங்குகிறது. அந்த வழியில் பக்கத்தில் எத்தனையோ தடவை போயிருக்கிறேன்.

அத்தைக்கு மாத்திரைகள் அரசு மருத்துவமனையில் இலவசமாகவே கிடைத்தன. நுரையீரல் காசநோய்க்குப் பொதுவாக ஆறு மாதம் என்றால், முதுகெலும்புக்கு ஒரு வருடமோ அதற்கு மேலோ ஆகும். சத்தான உணவுக்காக மத்திய அரசின் திட்டத்தில் மாதம் 500 ரூபாய் தந்துவந்தார்கள். 2024 நவம்பரிலிருந்து அது 1,000 ரூபாயாகியிருக்கிறது. முதுகுக்குப் பெல்ட் போட்டு, படுக்கையில் ஓய்வெடுத்து, மெதுவாகக் கால்களில் பலம் திரும்பியது. நுரையீரலில் இல்லாமல் எலும்பில் மட்டும் இருந்தால், இது பொதுவாக அடுத்தவருக்குப் பரவுவதில்லை. ஆனாலும் அத்தை வீட்டில் தைக்கக் கொடுத்திருந்த துணியைத் திரும்ப வாங்கிக்கொண்டு போனவர்கள் உண்டு. அத்தைக்கு நோயைவிட அதுதான் வலித்தது.

போன மாதம் ஊருக்குப் போனபோது அத்தையிடம் மன்னிப்புக் கேட்டேன். "நீ என்னத்தா பண்ணுவ? ஆறு மாசமா தைலம் தேய்ச்சது நானுந்தான" என்றார். சொல்லிவிட்டு, மெஷினில் அரை மணி நேரம் மட்டும் தைக்க டாக்டர் அனுமதித்திருப்பதாகப் பெருமையாகச் சொன்னார். முதுகில் அந்தச் சின்ன மேடு அப்படியே இருக்கிறது. அது முழுசாக மறையாதாம்.

இரண்டு விஷயம் மட்டும் சொல்லி முடிக்கிறேன். வீட்டில் யாருக்காவது வாரக்கணக்கில் முதுகுவலி இருந்து, கூடவே சாயங்காலக் காய்ச்சலோ, எடைக் குறைவோ, கால் மரத்துப்போவதோ இருந்தால், தைலத்தை ஓரமாக வைத்துவிட்டு டாக்டரைப் பாருங்கள். உங்கள் வீட்டு டிக்‌ஷனரி நீங்கள்தான் என்றால், ஸ்கேன் ரிப்போர்ட் வரும்போது அர்த்தம் சொல்லாதீர்கள். 'எப்போ டாக்டரைப் பார்க்கப் போறீங்க?' என்று கேளுங்கள்.

இப்போதும் மதினி போட்டோ அனுப்பிக்கொண்டுதான் இருக்கிறார். நானும் பதில் அனுப்புகிறேன். முதல் வரி மட்டும் மாறியிருக்கிறது. "மதினி, முழு ரிப்போர்ட்டையும் அனுப்புங்க."