செமோர் மேட்டுக் கருவாய்ச் செடி

ஈப்போவிலிருந்து சுங்கை சிப்புட் போகும் பழைய சாலையில் வடக்கே சுமார் 15 கிலோமீட்டர் சென்றால் செமோர் வந்துவிடும். சுண்ணாம்புக் குன்றுகள், ஈயம் தோண்டிய குட்டைகள், ஒரு காலத்தில் பால்மரம் நின்ற மேடுகள் என்று கலந்து கிடக்கும் பூமி இது. 1950களின் பிற்பகுதியில் தொடங்கிய தோட்டத் துண்டாடலும், பிறகு வந்த செம்பனையும், அதற்கும் பிறகு வந்த வீடமைப்புத் திட்டங்களும் இப்பகுதியை அடையாளம் தெரியாமல் மாற்றிவிட்டன. லைன் வீடுகள் போயின. பிரட்டுக் களம் போயிற்று. ஆனால் சும்மா கிடக்கும் மேட்டில் மட்டும் ஒரு செடி இன்னமும் ஊதாப் பூப் பூத்து நிற்கிறது.

மலாய்க்காரர்கள் அதைச் செண்டுடோக் என்பார்கள். ஆளுயரத்துக்கு வளரும் புதர். இலையைத் தடவினால் சொரசொரப்பு. அடியிலிருந்து நுனிவரை மூன்று நரம்புகள் எடுப்பாக ஓடும். ஐந்து இதழ்ப் பூவுக்கு ஒரு நாள்தான் ஆயுள். காய் பழுத்தால் தானே வெடித்துக் கருநீலச் சதையைக் காட்டும். தோட்டத்துப் பிள்ளைகளுக்கு அது காசில்லாத மிட்டாய். தின்றதை மறைக்க முடியாது, நாக்கே காட்டிக் கொடுத்துவிடும்! அறிவியல் பெயரும் அதையே சொல்கிறது: மெலஸ்டோமா. கிரேக்க மொழியில் 'கருத்த வாய்' என்று பொருள்.

தோட்டக் கணக்கில் இது களை. இதை வெட்டவும் மருந்தடிக்கவும் ஆள் வைத்தார்கள். அந்த வேலை பார்த்தவர்களில் பலர் நம் பெண்கள். பால்மரத்துக்கு இடைஞ்சல் என்பதால் களை என்றார்கள், சரி. பால்மரமே போன பிறகும் இது களைதானா?

ஜப்பானின் வடக்கே ஹொக்கைடோ தீவில் ஹஸ்காப் என்றொரு புதர் உண்டு. தேன்பூக் கொடி இனத்தைச் சேர்ந்தது. நீலப் பழம் தரும். அங்குள்ள பூர்வகுடிகளான ஐனு மக்கள் பறித்துத் தின்ற காட்டுப் பழம் அது. 1970களில் தொமகோமாய் நகரை ஒட்டிய வெளியில் தொழிற்பேட்டை வந்தபோது புதர்கள் அழிய இருந்தன. மக்கள் அவற்றை வேரோடு பெயர்த்துப் பக்கத்து ஊர்களில் நட்டார்கள். அட்சுமா என்ற ஊர் இன்று ஹஸ்காப் பழத்துக்கே பெயர் பெற்றது. குளிர்காலம் வேண்டும் அந்தச் செடி நம் வெயிலில் வளராது. அவர்கள் செய்த காரியத்தை நாமும் செய்யலாம் அல்லவா?

செண்டுடோக் வளர்ப்பது சுலபம். பழுத்து வெடித்த பழத்தைத் தண்ணீரில் பிசைந்து, ஈர மணலின்மேல் தெளியுங்கள். விதை தூசி போன்றது. மண் போட்டு மூடாதீர்கள். இளங்கிளையை வெட்டி நட்டாலும் வேர் பிடிக்கும். நல்ல வெயில் வேண்டும். புளிப்பு மண்தான் இதற்குப் பிடிக்கும். சுண்ணாம்பும் சிமெண்டுச் சிதறலும் ஆகாது. புது வீட்டுமனையில் கட்டடக் குப்பை கிடந்தால், பூச்சட்டியில் மேட்டுச் செம்மண் நிரப்பி நடுங்கள். அவ்வப்போது நுனி கிள்ளினால் அடர்ந்து பூக்கும். வண்டும் வரும், குருவியும் வரும்.

பிள்ளைகளிடம் ஒன்றைச் சொல்லி வையுங்கள். பல நிறச் சிறு பூக்கள் கொத்தாகப் பூக்கும் உண்ணிச்செடி வேறு. அதன் பச்சைக் காய் நஞ்சு. தெரியாத பழத்தைத் தொடக் கூடாது. மருந்தடித்த இடத்தில் எந்தப் பழத்தையும் பறிக்கக் கூடாது.

செமோர்ப் பக்கம் இன்னும் சில மேடுகள் மிச்சம் இருக்கின்றன. மண்வாரி இயந்திரம் வருமுன் ஒரு பிடிப் பழம் பறித்து வாருங்கள். பேரப்பிள்ளை நாக்கை நீட்டிக் காட்டும்போது, "உன் பாட்டி வேலை பார்த்த தோட்டத்துச் செடி இது" என்று சொல்ல வீட்டு வாசலில் ஒன்றாவது இருக்கட்டும்.