இருத்தல்

துவாக்குடி பஸ்ஸுக்கு நிற்கிற எல்லோருக்கும் ஒரு சந்தேகம் உண்டு. நாம நின்னா மட்டும் பஸ் வராது. அது புலம்பல் இல்லை, கணக்கு. மணிக்கு ஆறு பஸ் என்று வைத்துக்கொள்ளுங்கள். பத்து நிமிஷத்துக்கு ஒன்றாக வந்தால் சராசரியாக 5 நிமிஷம்தான் நிற்போம். ஆனால் நம்ம ஊர் தனியார் பஸ்கள் ஒன்றையொன்று விரட்டிக்கொண்டு ஜோடியாக வரும். 1 நிமிஷ இடைவெளி, அப்புறம் 19 நிமிஷம். நாம் அந்த 19க்குள் போய் விழத்தான் வாய்ப்பு அதிகம். சராசரி 9 நிமிஷத்தைத் தாண்டிவிடும். பஸ் என்னவோ அதே ஆறுதான்.

ஏழாவது நிமிஷத்தில் எனக்குப் பொறுமை போய்விடும். அதே நான்தான் அரியமங்கலம் குப்பைக் கிடங்குக்குப் பக்கத்தில் வளர்ந்தேன். ஏறக்குறைய 47 ஏக்கர். திருச்சி முழுக்கப் பல பத்தாண்டுகள் கொட்டித் தீர்த்த மலை. கோடையில் அது பற்றிக்கொள்ளும். அம்மாவுக்கு வீசிங். புகை வந்தால் ஈரத்துணியைச் சுருட்டி ஜன்னல் இடுக்கில் திணிப்பாள். "எடுத்துடுவாங்களாம்டா" என்பாள். நான் ஆறாவது படிக்கும்போதும் சொன்னாள், காலேஜ் முடித்தபோதும் சொன்னாள்.

சங்க இலக்கியத்தில் காத்திருப்புக்கென்றே ஒரு திணை இருக்கிறது. முல்லையின் உரிப்பொருள் இருத்தல். தலைவன் வரும்வரை தலைவி ஆற்றியிருப்பது. பள்ளியில் இதைப் பொறுமை என்று சொல்லிக்கொடுத்தார்கள். எனக்கு அதில் பெரிதாகத் தெரிவது கார்காலம்தான். மழைக்குள் வந்துவிடுவேன் என்று அவன் ஒரு கெடு சொல்லிவிட்டுப் போகிறான். அது தப்பினால் தலைவி கேள்வி கேட்கலாம், மேகத்தோடு சண்டைகூடப் போடலாம். அம்மாவிடம் யாரும் ஒரு மாசத்தைச் சொன்னதில்லை. கெடு இல்லாத இடத்தில் இருப்பதைப் பொறுமை என்று புகழ எனக்கு மனசு வரவில்லை. (பொம்பளைங்களைத்தான் இப்படி அதிகமா புகழ்றாங்க, கவனிச்சிருக்கீங்களா?)

கே.கே. நகர் பக்கம் வீடு மாறலாம் என்று ஒருமுறை சொன்னேன். "இவ்ளோ நாள் இருந்தாச்சு, இப்ப போய் மாறுவாங்களா?" என்றாள்.

பிறகு பயோமைனிங் வந்தது. பழைய குப்பையைத் தோண்டிச் சலித்தார்கள். மண் தனியாக, எரியக்கூடியது தனியாக. மொட்டை மாடியில் நின்றால் மலை இறங்குவது தெரிந்தது. ஜன்னல் துணியை எடுத்துடலாமாம்மா என்று கேட்டேன்.

"இன்னும் ரெண்டு கோடை போகட்டும்" என்றாள்.