ஏரி போனாலும் போகாத கரகம்

சித்திரைப் பௌர்ணமி. நள்ளிரவு தாண்டியும் பெங்களூரின் திகளர்பேட்டையில் எள் போட்டால் விழாது. தர்மராயர் கோயில் வாசலில் உருவிய வாள்களுடன் வீரகுமாரர்கள். 'திக் தி, திக் தி' என்ற முழக்கம் உச்சத்தை எட்டும்போது பூசாரி வெளியே வருகிறார். மணக்கோலத்தில் சேலை, வளையல், தாலி. தலையில் கோபுரமாக எழுந்த மல்லிகைக் கரகம்.

தாலியும் வளையலும் அவர் மனைவியுடையவை. சடங்கு முடியும்வரை அந்தப் பெண் கரகத்தின் கண்ணில் படக்கூடாது. திரௌபதியே இறங்கிவிட்ட உடம்புக்கு மனைவி ஏது? கரகம் சரிந்தால் பூசாரியை வெட்டிவிட வேண்டும் என்பது வீரகுமாரர்களுக்குப் பழைய விதி என்கிறார்கள்.

தமிழ்நாட்டில் திரௌபதி அம்மன் தீமிதி பார்த்தவர்களுக்கு இது அன்னியமாகத் தோன்றாது. கரகம் எடுக்கும் திகளர்கள் தங்களை வன்னிகுல க்ஷத்ரியர் என்று சொல்லிக்கொள்பவர்கள். தமிழோடு கன்னடமும் தெலுங்கும் கலந்து பேசுபவர்கள். தோட்டவேலை பரம்பரைத் தொழில். பூவும் காய்கறியும் விளைய ஏரித் தண்ணீர் வேண்டும். அதனால்தானோ என்னவோ, அவர்களது தெய்வமும் நீரிலிருந்தே வருகிறது. பௌர்ணமிக்குச் சில நாள் முன்பு 'ஹசி கரகம்', அதாவது பச்சைக் கரகம், சம்பங்கி ஏரியிலிருந்து கோயிலுக்கு வருவதாக ஐதீகம்.

ஏரிதான் இல்லை. சம்பங்கி ஏரி கண்டீரவா ஸ்டேடியமாகிவிட்டது. அருகே எஞ்சியிருப்பது சிறு குளம் ஒன்று. கரகம் இல்லாவிட்டால் அதுவும் மிஞ்சியிருக்குமா என்பது சந்தேகமே. இன்னொரு பக்கம் தர்மாம்புதி ஏரியின்மீது மெஜஸ்டிக் பஸ் நிலையம் நிற்கிறது. தோட்டங்களும் வீடுகளாகிவிட்டன. தண்ணீர் போன பிறகும் அதைத் தேடி வருஷா வருஷம் நடக்கிறார்கள்.

ஊர்வலம் காட்டன்பேட்டை வந்ததும் ஹஸ்ரத் தவக்கல் மஸ்தான் தர்காவில் நின்று மரியாதை செலுத்துகிறது. கொரோனாவால் 2020, 2021இல் தெருவுக்கு வராத கரகம், 2022இல் மறுபடி புறப்பட்டபோது, தர்காவுக்குப் போகக்கூடாது என்று சில இந்து அமைப்புகள் குரல் எழுப்பின. வழக்கத்தை மாற்ற முடியாது என்றது கோயில் தரப்பு. அந்த ஏப்ரல் இரவிலும் கரகம் தர்காவுக்குப் போனது.

வழியெல்லாம் மாடிகளிலிருந்து மல்லிகை மழை. விடிந்த பிறகு கோயில் திரும்பும் பூசாரியின் கால்களுக்குக் கீழே பேட்டைத் தெருக்கள் வெள்ளையாகக் கிடக்கின்றன. அதைப் பெருக்கித் தள்ளிவிட்டு, கடைக்காரர்கள் ஷட்டரைத் தூக்கத் தொடங்குகிறார்கள்.