மேஜை மேல் ஒரு பிஸ்கட்

போன மழைக்காலத்தில் இரண்டு நாள் பெருமாள்மலையில் மாட்டிக்கொண்டேன். கொடைக்கானலுக்குப் போனவர்களுக்குத் தெரியும், அங்கே சாரல் பிடித்தால் எதிர் வீடுகூடத் தெரியாது. அறையில் துணைக்கு ஒரு கம்பளியும் லேப்டாப்பும். நண்பர் கொடுத்திருந்த ‘தி கொயட் கேர்ள்’ படத்தைப் போட்டேன்.

2022-ல் வந்த அயர்லாந்துப் படம். கோல்ம் பரேட் இயக்கியது. ஆஸ்கருக்குப் பரிந்துரைக்கப்பட்ட முதல் ஐரிஷ் மொழிப் படம். கிளேர் கீகன் 2010-ல் எழுதிய ‘ஃபாஸ்டர்’ என்ற நீண்ட சிறுகதைதான் மூலம்.

கதை ரொம்பச் சின்னது. 1981 கோடை. வீட்டில் ஏகப்பட்ட பிள்ளைகள், அம்மா மறுபடியும் கர்ப்பம். ஒன்பது வயதுச் சிறுமியைத் தூரத்துச் சொந்தக்காரர் வீட்டில் கொண்டுபோய் விடுகிறார்கள். அந்தத் தம்பதி தங்கள் ஒரே மகனைப் பறிகொடுத்தவர்கள். அந்த வீட்டுக்காரர் அவளிடம் ஒருநாள் கோபப்பட்டுவிடுகிறார். பிறகு அந்தப் பக்கமாக நடந்துபோகிறவர், ஒன்றும் பேசாமல் அவள் முன்னால் ஒரு பிஸ்கட்டை வைத்துவிட்டுப் போகிறார். மன்னிப்பும் அதுதான், அன்பும் அதுதான்.

நம் மகேந்திரனின் ‘உதிரிப்பூக்கள்’ ஞாபகம் வந்தது. 1979-ல் வந்த படம். புதுமைப்பித்தனின் ‘சிற்றன்னை’யிலிருந்து பிறந்தது. அங்கேயும் தாயில்லாத இரண்டு பிள்ளைகளின் முகம்தான் நம்மைத் தூங்கவிடாது.

ஆனால், நான் படத்தைப் பாதியில் நிறுத்தியதற்குக் காரணம் சினிமா இல்லை. மலைவாழைப்பழம்.

எனக்கு எட்டு வயது. தம்பி பிறக்கப்போகிறான். முழுப்பரீட்சை லீவில் என்னைத் தாண்டிக்குடியில் பெரியம்மா வீட்டில் விட்டார்கள். அவர்களுக்குப் பிள்ளை இல்லை. பெரியப்பா காபி எஸ்டேட்டில் கணக்கு எழுதுகிறவர். பேசவே மாட்டார். தினமும் சாயங்காலம் வந்ததும் சட்டைப் பையிலிருந்து ஒரு மலைவாழைப்பழத்தை எடுத்து ஜன்னல் திட்டில் வைப்பார். ‘உனக்கு’ என்று ஒருநாள்கூடச் சொன்னதில்லை.

லீவு முடிந்து அப்பா அழைத்துப்போக வந்தபோது பெரியப்பா வாசலுக்கு வரவில்லை. பின்கட்டில் மிளகு காயவைத்துக்கொண்டிருந்தார். எனக்குக் கோபம். ‘போயிட்டு வர்றேன்’ என்று சொல்லாமலே பஸ் ஏறினேன். அப்புறம் பள்ளிக்கூடம், காலேஜ், வேலை. அவர் இறந்தபோதுகூடப் போகவில்லை. ‘லீவு கிடைக்கலை’ என்றேன்.

மிச்சப் படத்தையும் பார்த்தேன். கடைசிக் காட்சியில், விட்டுவிட்டுக் கிளம்புகிறவர்களை நோக்கி அந்தச் சிறுமி ஓடுகிறாள். அவர் மேல் பாய்ந்து கட்டிக்கொள்கிறாள். நான் ஓடவில்லை.

இரவு ஒன்பதரைக்குப் பெரியம்மாவுக்கு போன் போட்டேன்.

“என்னடா இந்நேரத்துல? ஒடம்பு சரியில்லையா?”

“சும்மாதான் பெரியம்மா. அன்னிக்கு நான் கெளம்பறப்ப பெரியப்பா ஏன் வெளியவே வரலை?”

கொஞ்ச நேரம் பேச்சே இல்லை.

“வந்தா உன்னைய அனுப்ப முடியாதுன்னாருடா. பஸ்ஸு போனப்புறம் வந்து ஜன்னலைப் பாத்தாரு. அன்னிக்குப் பழத்த நீ எடுக்கவே இல்ல.”

மறுநாள் மழை விடவில்லை. ஆனாலும் கிளம்பிவிட்டேன். தாண்டிக்குடி அங்கிருந்து அப்படியொன்றும் தூரமில்லை. எனக்குத்தான் இத்தனை வருஷம் ஆகிவிட்டது.