பாலாமணி ஸ்பெஷல்

கும்பகோணத்தில் என் பாட்டி வீடு காவிரிப் படித்துறைக்குப் போகும் சந்தில் இருந்தது. தை அறுவடை முடிந்து நெல் பத்தாயத்தில் ஏறிவிட்டால் பாட்டிக்குப் பழங்கதை பேச நேரம் கிடைத்துவிடும். வெற்றிலைக் காம்பைக் கிள்ளி, முதுகில் சுண்ணாம்பு தடவிக்கொண்டே ஆரம்பிப்பாள். அவள் பேச்சில் அதிகம் அடிபட்ட பெயர் பாலாமணி.

நூறு வருஷத்துக்கு முந்தைய கும்பகோணத்தை பாலாமணி அம்மாளின் நாடகக் கம்பெனி ஆட்டிவைத்தது. முழுக்க முழுக்கப் பெண்கள் நடித்த கம்பெனி. மற்ற கம்பெனிகளில் மீசை முளைக்காத பையன்கள் ஸ்திரீபார்ட் போட்ட காலம் அது. இங்கே ராஜபார்ட்டும் பெண், மந்திரியும் பெண். நாடகம் இரவு ஒன்பது மணிக்குமேல்தான். மாயவரத்திலிருந்தும் திருச்சியிலிருந்தும் சனங்கள் வந்து போவதற்கென்றே ரயில் விட்டார்கள். 'பாலாமணி ஸ்பெஷல்' என்று அதற்குப் பேர். ஒரு நடிகையின் பெயரால் ரயிலைச் சொன்ன ஊர் வேறு எங்கே இருக்கிறது?

பாட்டி சிறுபெண்ணாக ஒரே ஒரு தடவை பாலாமணி நாடகத்தைப் பார்த்திருக்கிறாள். அதைச் சொல்லும்போது உட்கார்ந்திருக்க மாட்டாள். புடவைத் தலைப்பை இழுத்துச் செருகி, வலது காலை அகட்டி வைத்து, கூடத்தில் நாலு எட்டு நடந்து காட்டுவாள். தோள் அசையாது. கழுத்து மட்டும் மெல்லத் திரும்பும். "ராஜா அவசரப்படமாட்டாண்டா" என்பாள். எண்பதை நெருங்கிய கிழவியிடம் அந்த ராஜா அப்படியே இருந்தான்.

அந்த நடையை யாரோ சொல்லிக்கொடுத்திருக்க வேண்டும். அந்தக் காலத்து நாடகக் கம்பெனி என்பது பள்ளிக்கூடமும்தான். வாத்தியாரிடம் பாடம் கேட்க வேண்டும், ஆர்மோனியப் பெட்டிக்குச் சுருதி சேர்ந்து பாட வேண்டும், மைக் இல்லாமல் கடைசி வரிசைத் தரை டிக்கெட்காரன் காதுவரை வசனம் போய்ச் சேர வேண்டும். சுற்றிலும் பந்தநல்லூர், வழுவூர் என்று நட்டுவனார்களின் ஊர்கள். பாட்டும் ஆட்டமும் தெரிந்த பெண்களுக்கு இந்தச் சீமையில் பஞ்சமே இல்லை. அவர்களைச் சேர்த்து நடிகைகளாக்கி, சோறும் சம்பளமும் கொடுத்ததுதான் பாலாமணியின் பெரிய சாதனை என்று நான் நினைக்கிறேன்.

அவர் போட்ட நாடகங்களில் 'டம்பாச்சாரி' முக்கியமானது. காசி விசுவநாத முதலியார் எழுதியது. தாசி மோகத்தில் சொத்தை அழித்த மைனரின் கதை. புராணக் கதைகளே மேடையை அடைத்திருந்த நாளில் சமகால வாழ்க்கையை மேடையேற்றினார் பாலாமணி. அதை நடித்துக் காட்டியவரோ தாசி குலத்தில் பிறந்தவர். எதிரே உட்கார்ந்து பார்த்த மிராசுதார்களில் எத்தனை பேர் தங்கள் கதையையே பார்த்தார்களோ! அந்தத் துணிச்சலை நினைத்தால் இன்றும் எனக்குச் சிலிர்க்கிறது.

கடைசிக் காலத்தில் பாலாமணி மதுரையில் வறுமையில் கிடந்து இறந்தார். கை நிறையக் கொடுத்த பெண்மணிக்கு இந்த முடிவு வந்திருக்கக் கூடாது.

பிறகு திருவையாற்றுப் பெண் டி.பி. ராஜலட்சுமி நாடக மேடையிலிருந்து போய் 1931-இல் 'காளிதாஸ்' படத்தின் கதாநாயகியானார். 1936-இல் 'மிஸ் கமலா'வை இயக்கவும் செய்தார். மன்னார்குடியில் பிறந்த மனோரமாவும் நாடகத்திலிருந்து வந்தவர்தான். இவர்களைத் தமிழ்நாடு கொண்டாடியது, சந்தோஷம். ஆனால் இவர்களுக்கு முன்னால் பாதை போட்டவரின் பெயரைச் சொன்னால் கும்பகோணத்துப் பிள்ளைகளே விழிக்கிறார்கள்.

தஞ்சை, குடந்தை, மாயவரத்துப் பழைய வீடுகளின் பரணில் அந்தக் கால நாடக நோட்டீசுகளும் பாட்டுப் புத்தகங்களும் இன்னும் கிடக்கலாம். பொடிந்துபோன தாள் என்று பழைய பேப்பர்காரரிடம் எடை போட்டுவிடாதீர்கள். சென்னை ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகத்துக்கோ தஞ்சைத் தமிழ்ப் பல்கலைக்கழகத்துக்கோ தகவல் சொல்லுங்கள்.