தலைமையாசிரியரின் மாணவர்

பினாங்குத் தீவிலுள்ள சூலியா தெரு, தமிழர் கடல் கடந்த வரலாற்றைத் தன் பெயரிலேயே தாங்கி நிற்கிறது. சோழமண்டலக் கரையிலிருந்து வந்த தமிழ் முஸ்லிம் வணிகரைச் சூலியர் என்றழைத்தனர். அத்தெருவிலுள்ள நாகூர் தர்கா அவர்கள் தாயகத்தின் நினைவைச் சொல்லும். நாகப்பட்டினத்திலிருந்து வந்த கப்பல்கள் வணிகரோடும் தொழிலாளரோடும் நாடகக் குழுவினரையும் ஏற்றி வந்தன. இந்தியாவிலிருந்து வந்த பார்சி நாடகக் குழுக்களைக் கண்ட ஆர்வத்தால் 1885ஆம் ஆண்டு பினாங்கில் மலாய் பங்சாவான் நாடகக் குழு தோன்றியது. அதே பார்சி நாடகத்தின் திரைச்சீலைகளும் இசையும் தமிழ் நாடக மேடையையும் மாற்றி அமைத்தன. அம்மேடையில் வளர்ந்து, திரைப்படத்திலும் புகழ் பெற்றவர் அவ்வை தி. க. சண்முகம் ஆவார். அவர் வாழ்க்கை, ஒரு மாணவர் தம் ஆசிரியருக்குச் செலுத்திய கடனின் வரலாறு எனலாம்.

1912ஆம் ஆண்டு ஏப்ரல் 26ஆம் நாள் திருவனந்தபுரத்தில் பிறந்த சண்முகத்தின் தந்தையார் கண்ணுசாமிப் பிள்ளையும் நாடக நடிகரே. 1918இல், ஆறு வயதுச் சிறுவனாகத் தம் தமையன்மாருடன் மதுரைத் தத்துவ மீனலோசனி வித்துவ பால சபையில் சண்முகம் சேர்ந்தார். ‘பாய்ஸ் கம்பெனி’ எனப்பட்ட அத்தகைய சபைகளே அக்காலச் சிறுவர் பலருக்குப் பள்ளிக்கூடம். கரும்பலகையும் தேர்வும் அங்கில்லை. செய்யுளும் வசனமும் செவிவழி வந்து மனத்தில் பதிந்தன. தாளம் தவறினும் சொல் சிதைந்தினும் கண்டிப்பு உண்டு. உச்சரிப்பு அங்கே உயிர் போன்றது.

அச்சபையின் ஆசிரியர் தூத்துக்குடி சங்கரதாஸ் சுவாமிகள். இரணியன், எமன் முதலான அச்சமூட்டும் வேடங்களில் புகழ் பெற்றவர், பின்னர் நடிப்பைத் துறந்து நாடகம் எழுதுவதையும் சிறுவரைப் பயிற்றுவதையுமே தொண்டாகக் கொண்டார். சிறுவன் சண்முகத்தின் ஆற்றலைக் கண்ட அவர், அவன் நடிப்பதற்கென்றே ‘அபிமன்யு சுந்தரி’ நாடகத்தை ஒரே இரவில் எழுதி முடித்தார் என்பர். மாணவனின் திறமறிந்து பாடம் வகுக்கும் ஆசிரியருக்கு இதனினும் சிறந்த சான்று வேண்டுவதில்லை.

இறுதிக் காலத்தில் சுவாமிகளைப் பக்கவாதம் தாக்கியது. பல்லாயிரம் பாடல்களைச் சொல்லிக் கொடுத்த நா அடங்கியது. 1922 நவம்பர் 13ஆம் நாள் புதுச்சேரியில் அவர் மறைந்தபோது சண்முகத்துக்குப் பத்து வயது.

ஆசிரியர் மறைந்தாலும் பாடம் மறையவில்லை. 1925இல் சகோதரர் நால்வரும் ஸ்ரீ பால சண்முகானந்த சபையைத் தொடங்கினர். புராண நாடகங்களோடு சமூக நாடகங்களையும் துணிந்து மேடையேற்றினர். அவற்றுள் ‘மேனகா’ 1935இலும், ‘குமாஸ்தாவின் பெண்’ 1941இலும் திரைப்படங்களாயின. ஆயினும் திரையின் ஒளியில் மயங்கிச் சண்முகம் மேடையைக் கைவிடவில்லை.

முப்பது வயதளவில் அவர் ஏற்ற வேடமே அவர் பெயரோடு ஒட்டிக்கொண்டது. ஆண்மகன் ஒருவர், கூன் விழுந்து தடியூன்றி வரும் தமிழ் மூதாட்டி அவ்வையாக மேடையில் நின்றார். பெண் வேடம் என்றதும் எழக்கூடிய ஏளனம் அங்கே எழவில்லை. பிள்ளைகள் ஆத்திசூடியில் படித்த அவ்வையை மக்கள் நேரிற் கண்டதாகவே உணர்ந்தனர். அன்று முதல் அவர் ‘அவ்வை சண்முகம்’ ஆனார். 1961இல் வெளிவந்த ‘கப்பலோட்டிய தமிழன்’ திரைப்படத்தில் சுப்பிரமணிய சிவாவாகவும் அவர் நடித்தார்.

சுவாமிகள் எழுதிய நாடகங்களுட் பல இன்று கிடைப்பதில்லை. மாணவர் நெஞ்சமே அவற்றுக்கு ஏடாக இருந்தது. நெஞ்சம் அழிந்தால் ஏடும் அழியும் அன்றோ? இதனை உணர்ந்த சண்முகம், எழுதுகோலை ஏந்தினார். ‘தமிழ் நாடகத் தலைமையாசிரியர்’ என்று சுவாமிகளைப் போற்றி நூல் செய்தார். 1972இல் வெளிவந்த ‘எனது நாடக வாழ்க்கை’ என்னும் தன்வரலாற்றிலும் ஆசிரியரின் கண்டிப்பையும் கனிவையும் விரிவாகப் பதிவு செய்தார். பள்ளிப் படிப்பை நாடக மேடையிலேயே பெற்ற ஒருவர் எழுதிய அந்நூலின் தெளிந்த நடை, அந்த ஆசிரியரின் பயிற்சிக்குக் கிடைத்த மதிப்பெண்ணாகும். அடுத்த ஆண்டு, 1973 பிப்ரவரி 15ஆம் நாள், சண்முகம் மறைந்தார்.

சூலியா தெரு பண்டை வணிகரின் பெயரைக் காப்பதுபோல், சென்னையில் அவ்வை சண்முகம் சாலை இக்கலைஞரின் பெயரைக் காக்கிறது. சங்கரதாஸ் சுவாமிகளின் பெயரைக் காத்தவரோ, பத்து வயதில் அவரை இழந்த மாணவர். வகுப்பறையில் தமிழ் ஒலியைத் திருத்தி நிற்கும் ஒவ்வோர் ஆசிரியரும், தம் குரல் எந்தச் சிறுவனின் நெஞ்சில் ஏடாகிறது என்பதை அன்றே அறிய இயலாது. அறியாமலே சொல்லிக் கொடுப்பதுதான் ஆசிரியப் பணி.